அழ வேண்டிய வீடு

சாலிகிராமத்தில் எட்டுக் குடித்தனம் இருந்த ஒரு காம்பவுண்டில், தண்ணீர் பம்புக்கு எதிர்த்த போர்ஷனில், பக்கிரிசாமி என்று ஒருவர் சிரிப்பு எழுதிப் பிழைத்துக்கொண்டிருந்தார். அவர் எழுதிய அடியைத் திரையில் வாங்கியவன் ஒருத்தன், அதைப் பார்த்து விழுந்து விழுந்து சிரித்தது ஊர் உலகம், வீக்கம் வந்தது மட்டும் அவர் முதுகில். ஏன் வந்தது, எந்த வழியாக வந்தது என்று என்னைக் கேட்காதீர்கள், கேட்டவர்கள் எல்லாம் கேட்டுக் களைத்து வேறு வேலை பார்க்கப் போய்விட்டார்கள். வந்தது, அவ்வளவுதான்.

சினிமாவில் கதை சொல்கிறவர் ஒருத்தர், சிரிப்புக்கு எழுதுகிறவர் வேறொருத்தர். காதல், சண்டை, பாட்டு எல்லாம் பேசி முடித்த பிறகு, இடையில் ஜனங்கள் கொட்டாவி விடாமலிருக்க ஐந்தாறு சீன் போட்டுக் குடுங்கப்பா என்று ஒரு காமெடி நடிகரிடம் விட்டுவிடுவார்கள். அவர் வடபழனியில் லாட்ஜில் ரூம் போட்டு, தன் ஆட்களை உட்காரவைத்து, டீயும் பஜ்ஜியும் வரவழைத்து, “சொல்லுங்கடா” என்பார். அதற்குக் காமெடி டிராக் என்று பேர். டமாரம் தங்கையன் என்ற நடிகர் போட்ட ரூமில் முப்பது வருஷம் உட்கார்ந்து சொன்னவர் பக்கிரிசாமி. படத்தின் தொடக்கத்தில் பேர் ஓடும்போது ‘நகைச்சுவை: டமாரம் தங்கையன் குழுவினர்’ என்று வரும். அந்தக் குழுவினர் என்பது பக்கிரிசாமி ஒருத்தர்தான். மற்றவர்கள் பஜ்ஜி தின்றார்கள்.

முதல் படம் வெளியான வெள்ளிக்கிழமை, பதினொரு மணிக் காட்சிக்குப் போய், கடைசி வரிசைக்குப் பின்னால் சுவரோடு சுவராக நின்றார். வாடகைக்கு வீடு கேட்டுப் போகும் டமாரம், வீட்டுக்காரம்மாவிடம் அறை வாங்குகிற சீன். அறை விழுந்தது, தியேட்டர் கொல்லென்று சிரித்தது, சிரித்த அதே நொடியில் பக்கிரிசாமியின் இடது கன்னத்தில் ஐந்து விரலும் பதிந்தன. அடுத்து இடுப்பில் ஓர் உதை, அதற்கும் சிரித்தார்கள், அவர் இடுப்பைப் பிடித்துக்கொண்டு கீழே உட்கார்ந்தார். மூன்றாவதாக விளக்குமாற்று அடி. அதற்கு ஒருத்தரும் சிரிக்கவில்லை, அவருக்கும் ஒன்றும் ஆகவில்லை. ‘அந்த விளக்குமாத்து அடிய வெட்டியிருக்கணும்’ என்று வலியோடு வலியாக நினைத்துக்கொண்டார்.

வீட்டுக்கு வந்ததும் அவர் மனைவி பவுனம்பாள், அவருக்குப் பவுனு, கன்னத்தைப் பார்த்துவிட்டுக் கரண்டியோடு ஓடிவந்தாள்.

“யாருங்க அடிச்சா?”

“யாரும் அடிக்கல. சிரிச்சாங்க.”

“எத்தனை பேரு?”

“ஹவுஸ்ஃபுல்லு.”

“அப்ப நல்லதுதானே, உக்காருங்க, ஒத்தடம் குடுக்கறேன்” என்று சொல்லி வெந்நீர் வைத்தாள்.

காம்பவுண்டும் அப்படித்தான் எடுத்துக்கொண்டது. பக்கத்து போர்ஷன் மேரி, தன் அண்ணன் மின்வாரியத்தில் கம்பம் ஏறி ஏறிக் கால் வளைந்துபோனதைச் சொல்லி, எந்த வேலைக்கும் ஒரு சேதாரம் உண்டு அண்ணே என்றாள். முனையில் மருந்துக்கடை வைத்திருந்த இஸ்மாயில் பாய், பக்கிரிசாமிக்கென்று ஒரு தைலத்தை வியாழக்கிழமையே எடுத்து வைத்தார். படம் வெளியாகும் வெள்ளிக்கிழமைகளில் பம்பில் முதல் குடம் பக்கிரிசாமி வீட்டுக்கு என்று தானாக ஒரு முறை வந்தது, சலூன்காரர் வீங்கப்போகிற கன்னத்தில் அன்றைக்குக் கத்தி வைக்கமாட்டேன் என்றார், பஸ்ஸில் கண்டக்டர் எழுந்து தன் இடத்தைக் கொடுத்து, “எந்தப் படம் சார்?” என்று விசாரித்தார். விநியோகஸ்தர்கள் தியேட்டருக்குப் போவதை விட்டுவிட்டுக் காம்பவுண்டுக்கு வந்தார்கள். மத்தியானம் ஒரு மணிக்குச் சட்டையைக் கழற்றி முதுகைக் காட்டினால் போதும், படம் நூறு நாளா ஒரு வாரமா என்று சொல்லிவிடுவார்கள். ‘பக்கிரி முதுகு எப்படி?’ என்பது கோடம்பாக்கத்தில் குசலம் விசாரிக்கிற மாதிரி ஆகிவிட்டது.

அப்புறம் பார்த்தால் மற்ற எழுத்தாளர்களுக்கும் வர ஆரம்பித்தது. சொந்தமாகச் சொன்னவனுக்கு வந்தது, அடுத்தவனிடம் சுட்டவனுக்கு வரவில்லை, சிலர் மேக்கப்காரரைப் பிடித்து ஊதா மையில் வீக்கம் வரைந்துகொண்டு திரிந்து கையும் களவுமாக மாட்டிக்கொண்டார்கள். எழுத்தாளர் சங்கம் கூடிப் பேசிப் பதினான்காம் விதி என்று ஒன்று போட்டது: ஒரு காமெடியை எழுதியது யார் என்று தகராறு வந்தால், ஐம்பது பேரை உட்காரவைத்துப் படத்தைப் போட்டுக் காட்டுவது, யார் உடம்பு வீங்குகிறதோ அவர் பேரைப் பதிவேட்டில் ஏற்றுவது. சங்கத்துச் செயலாளர் கோதண்டபாணி இதற்கென்றே ஒரு டார்ச்சு லைட் வாங்கினார்.

வலிக்கவில்லையா என்றால், ஐயோ, உயிர் போகிற மாதிரி வலித்தது. ஆனால் ஒன்று சொல்கிறேன் கேளுங்கள், பக்கிரிசாமிக்கு அந்த வலி வேண்டியிருந்தது. திரையில் பேர் இல்லை, போஸ்டரில் பேர் இல்லை, வெள்ளிவிழா மேடையில் நாற்காலி இல்லை. இது என்னுடையது என்று சொல்ல அந்த மனுஷனுக்கு முதுகைத் தவிர என்ன இருந்தது? ஒவ்வொரு தழும்பையும் பேர் சொல்லி வைத்திருந்தார், குளிக்கும்போது பவுனுவைக் கூப்பிட்டு அது மங்கிவிட்டதா, இது இருக்கிறதா என்று பார்க்கச் சொல்வார். அவளும் சோப்புக் கையோடு வந்து, “இருக்கு, இருக்கு, எங்க போயிடப்போகுது” என்பாள்.

இப்படி இருக்கையில் ஒரு நாள் ஒரு டைரக்டரின் தாயார் விருகம்பாக்கத்தில் காலமானார். பக்கிரிசாமி லாட்ஜை விட்டு நகர முடியாமல் பவுனுவை அனுப்பினார். அவள் பஸ் இறங்கி, பந்தலைப் பார்த்து, நேராக உள்ளே போய், ஐஸ் பெட்டியின் காலைக் கட்டிக்கொண்டு, “பெத்த தாயாட்டம் இருந்தீங்களே” என்று ஓவென்று அழுதுவிட்டு நிமிர்ந்தால், உள்ளே படுத்திருந்தவருக்கு முறுக்கு மீசை. டைரக்டர் வீடு அடுத்த தெரு. பாதியில் நிறுத்தினால் மரியாதையாக இருக்காதே என்று அந்த மீசைக்காரருக்காகவும் பத்து நிமிஷம் அழுதுவிட்டு, அவர்கள் கொடுத்த காபியைக் குடித்துவிட்டு வந்தாள்.

அன்றைக்குச் சாப்பாடு போட்டுக்கொண்டே அவள் அதை நடித்துக் காட்டினாள். “பொம்பளையா இருக்கப்போயி காபி குடுத்தாங்க. இதே ஒரு ஆம்பளை போயி அழுதிருந்தா, மவனுங்க கன்னத்துல ஒண்ணு, முதுவுல நாலு சாத்தி வெளிய தள்ளியிருப்பானுங்க. அப்பவும் அவன் வேட்டியத் தட்டிக்கிட்டு எழுந்து, ‘அடிச்சது போதும்யா, நான் அழ வேண்டிய வீடு எது, அதையாவது சொல்லுங்கய்யா’ன்னு கேட்டிருப்பான்.” பக்கிரிசாமிக்குச் சிரித்துச் சிரித்துச் சாம்பார் புரையேறியது, அவள் தலையில் தட்டித் தண்ணீர் கொடுத்தாள்.

மறுநாள் லாட்ஜில் அதை ஒரு சொல் மாற்றாமல் சொன்னார். வீட்டில் பேசியது, அதில் அவளுடையது என்ன, தன்னுடையது என்ன என்று அவர் யோசிக்கக்கூட இல்லை. அந்த முட்டாள்தனத்தை மட்டும் என்னால் இன்றைக்கும் மன்னிக்க முடியவில்லை.

படம் வந்தது. அந்த சீனுக்குத் தியேட்டர் கூரை பிய்த்துக்கொள்ளும்போல் இருந்தது, ஆபரேட்டர் ரீலைத் திருப்பிப் போட்டார், ஜனங்கள் நாற்காலி மேல் ஏறி நின்று சிரித்தார்கள். பக்கிரிசாமி பல்லைக் கடித்துக்கொண்டு சுவரைப் பிடித்து நின்றார், இன்றைக்குச் செத்தோம் என்று நின்றார். ஒன்றும் வரவில்லை. கன்னம் அப்படியே இருந்தது, முதுகு சில்லென்று இருந்தது. வெளியே வந்து பாத்ரூம் கண்ணாடியில் திரும்பித் திரும்பிப் பார்த்தார், பழைய தழும்புகள்தான் இருந்தன.

வீட்டுக்கு வந்தால் பவுனு கன்னத்தில் மஞ்சள் அப்பிக்கொண்டு படுத்திருந்தாள். “பம்புகிட்ட வழுக்கிட்டேங்க” என்றாள். இவர் அதைக் காதிலேயே போட்டுக்கொள்ளவில்லை. “பவுனு, எனக்கு ஒண்ணுமே வரலடி” என்று குழந்தை மாதிரி அழுதார். அவள் எழுந்து உட்கார்ந்து, அவர் முதுகைத் தடவிக் கொடுத்து, “வரும், வரும், நாளைக்கு வரும்” என்று தேற்றினாள்.

நாளைக்கும் வரவில்லை, வருஷங்கள் போயும் வரவில்லை. தியேட்டர் போய் டிவி வந்தது, இருபத்துநாலு மணி நேரமும் காமெடி மட்டுமே போடுகிற சேனல்கள் வந்தன, மத்தியானம் சாப்பாட்டு வேளையில் அந்த சீன் தினம் தினம் வந்தது. பழைய காமெடிகளோடு சேர்ந்து அவர் தழும்புகளும் மங்கின, அந்த சீன் மட்டும் சிரஞ்சீவியாக நின்றது. டமாரம் தங்கையன் ஒரு பேட்டியில், “எங்க பெரியப்பா சாவுக்குப் போனப்ப எனக்கே நடந்தது சார் அது” என்று கண்ணைத் துடைத்துக்கொண்டார். பக்கிரிசாமி டிவியைப் பார்த்துக் காறித் துப்பினார். அவருக்கு இன்னொரு ஆத்திரமும் இருந்தது: தமிழ்நாடே சிரிக்கிற அந்த சீனுக்கு அவருடைய சொந்தக் காம்பவுண்டில் ஒருத்தர்கூடச் சிரிப்பதில்லை. ஒரு மணி ஆனால் மற்ற ஏழு வீட்டிலும் டிவி நின்றுவிடும்.

“பாரு, ஒரு நாயாவது சிரிக்குதா? பொறாமை புடிச்சதுங்க” என்பார்.

“சிரிக்காட்டிப் போறாங்க, விடுங்க” என்பாள் பவுனு. அவள் அப்போதெல்லாம் முழங்கை தாண்டி நீளும் ரவிக்கைதான் போட்டாள், முந்தானையை இரண்டு தோளையும் சுற்றிப் போர்த்திக்கொண்டாள், குளிர் ஒத்துக்கொள்ளவில்லை என்றாள். சித்திரை மாசத்தில் என்ன குளிர் என்று இந்த மனுஷன் ஒரு தரம் கேட்டாரா என்றால், கேட்கவில்லை.

அந்த சீனுக்கு இருபத்தைந்து வருஷம் ஆனபோது சங்கத்தின் பொன்விழா மலரும் வர இருந்தது, அதில் யார் எதை எழுதியது என்று அச்சில் போடப்போகிறார்கள் என்று கேள்விப்பட்டு, பக்கிரிசாமி பதினான்காம் விதிப்படி மனுக் கொடுத்தார். கோதண்டபாணி தயங்கினார். “அண்ணே, வேணாம்ணே. உங்களுக்குத்தான் வரலைன்னு ஊருக்கே தெரியும்.” பக்கிரிசாமி கேட்கவில்லை. அந்த ஒரு சீன் தன் பேரில் வந்துவிட்டால் போதும், அப்புறம் செத்தாலும் பரவாயில்லை என்று இருந்தார்.

ஒரு திங்கட்கிழமை காலை பத்தரைக்கு ஒரு பிரிவியூ தியேட்டரில் ஐம்பது பேர் கூடினார்கள். திரைக்கு ஒரு பக்கம் டமாரம் தங்கையன் சட்டையில்லாமல் தொந்தியோடு நின்றார், மறுபக்கம் அறுபத்தெட்டு வயசுப் பக்கிரிசாமி, விலா எலும்பு தெரிய. சீனைப் போட்டார்கள். எத்தனையோ தரம் பார்த்தவர்கள்தான், ஆனாலும் சிரித்தார்கள், மறுபடி போடச் சொல்லிச் சிரித்தார்கள், மூன்றாம் தரம் வசனத்தைக் கூடவே சொல்லிக்கொண்டு சிரித்தார்கள். கோதண்டபாணி டார்ச்சு அடித்து இரண்டு முதுகையும் பார்த்தார், இரண்டிலும் ஒன்றும் இல்லை. டமாரம் தோளைக் குலுக்கிவிட்டுச் சட்டையைப் போட்டுக்கொண்டார், பேட்டி கொடுக்கிறவருக்குப் பதிவேடு எதற்கு? பக்கிரிசாமி மட்டும், “இன்னொரு வாட்டி போடுங்க, இன்னும் கொஞ்சம் சத்தமா சிரிங்க, தயவுசெய்து சிரிங்க” என்று கையெடுத்துக் கும்பிட்டார். ஐம்பது பேரும் அவருக்காக ஏழு தரம் சிரித்தார்கள். கடைசியில் கோதண்டபாணி பதிவேட்டில், அந்த சீனுக்கு நேரே, ‘எழுதியவர் இல்லை’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

ஏழு தரம்.

அவர் காம்பவுண்டுக்குள் நுழைந்தபோது மணி ஒன்று. பம்புக்குப் பக்கத்தில் யாருமில்லை, பெண்கள் எல்லாம் அவர் வீட்டுக்குள் இருந்தார்கள். சமையலறைத் தரையில் பவுனு ரவிக்கையில்லாமல் குப்புறக் கிடந்தாள், மேரி தைலம் தடவிக்கொண்டிருந்தாள், அந்த முதுகில் தடவ இடமில்லை. பழையதின் மேல் புதியது, கறுத்ததின் மேல் சிவந்தது, திரும்பிய முகத்தில் ஐந்து விரல்.

பக்கிரிசாமி சமையலறை நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

“என்ன அண்ணே பாக்கறீங்க?” மேரி எழுந்தாள், கையில் எண்ணெய் சொட்டியது. “இருபத்தஞ்சு வருசமா காம்பவுண்டுக்கே தெரியும், பாய்க்குத் தெரியும், பால்காரருக்குத் தெரியும். நாங்க ஏன் சிரிக்கலன்னு நினைச்சீங்க? பொறாமைன்னுதானே? இன்னிக்கி ஏழு தடவ அண்ணே! என்ன பண்ணித் தொலைச்சீங்க அங்க போயி?”

அவர் தரையில் உட்கார்ந்தார். “ஏன் பவுனு சொல்லல?” என்றார்.

அவள் முகத்தைத் திருப்பாமலே சொன்னாள். “அது ஒண்ணுதானேங்க நீங்க உசுரா வச்சிருந்தீங்க. என்னுதுன்னு சொன்னா அதையும் உங்ககிட்டேருந்து புடுங்கிக்கிட்ட மாதிரி ஆயிடாதா?”

“நான் இப்பவே சங்கத்துக்குப் போயிச் சொல்றேன். உன் பேரைப் போடச் சொல்றேன்.”

“போடாதீங்க” என்றாள் பயந்துபோய். “பேரு வந்தா பேப்பர்ல வரும், டிவில வரும். அது என்ன சீனுன்னு இன்னும் நாலு பேரு எடுத்துப் போட்டுப் பாப்பாங்க. வேணாங்க. என்னால முடியல.”

அதற்கப்புறம் பக்கிரிசாமி சிரிப்பை நிறுத்தக் கிளம்பினார். சேனல் ஆபீசுக்குப் போனார். அங்கிருந்த பெண் மரியாதையாக உட்காரவைத்து, “எங்களுக்குச் சோறு போடுறதே அந்தக் கிளிப்தான் சார்” என்றாள். அதைவிடச் சிரிப்பாக ஒன்று எழுதிவிட்டால் ஜனங்கள் அதை மறந்துவிடுவார்கள் என்று ராவும் பகலுமாக எழுதினார்; கேட்பார் யாருமில்லை, அவர் முதுகு தழும்பெல்லாம் மறைந்து பச்சைக் குழந்தை முதுகு மாதிரி ஆகிவிட்டது, அதைத் தொட்டுப் பார்க்கவே அவருக்கு அருவருப்பாக இருந்தது. டிவிக்காவது ஒரு நேரம் இருந்தது, செல்போனுக்கு அதுவும் இல்லை. தேர்தலில் தோற்றவன் படத்துக்குக் கீழே ‘நான் அழ வேண்டிய வீடு எது’, கிரிக்கெட்டில் தோற்றாலும் அதே, காதலில் தோற்றாலும் அதே. துபாயில் ஒருத்தன் சிரித்தால் சாலிகிராமத்தில் அவள் சுருண்டாள். பஸ்ஸில் யாராவது போனைப் பார்த்து இளித்தால் பக்கிரிசாமி எழுந்துபோய், “ஐயா, வேணாம்யா, ஒரு பொம்பளைக்கு வலிக்குதுய்யா” என்பார். பைத்தியம் என்று நகர்ந்து உட்காருவார்கள். ஒருவர் மட்டும் அவரை அடையாளம் கண்டு, “நீங்க பழைய முதுகுக்காரர்தானே சார்?” என்றார்.

ஐப்பசியில் மூன்று நாள் அடைமழை. கரண்ட் போனது, டவர் விழுந்தது, ஊரில் ஒரு போனும் வேலை செய்யவில்லை. அந்த மூன்று நாளும் ஒருத்தரும் எதையும் பார்த்துச் சிரிக்கவில்லை, துபாயில் இருந்தவன்கூட ஊரில் வெள்ளம் என்ற செய்தியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். பவுனு எழுந்து உட்கார்ந்தாள், ரசம் வைத்தாள், கண்ணாடி எடுத்துக் கன்னத்தைப் பார்த்து, “பாருங்க, ஒண்ணுமே இல்ல” என்றாள். நான்காம் நாள், டவர் வருமுன்னே, விடிந்தபோது அவள் எழுந்திருக்கவில்லை. டாக்டர் ஒரு காகிதத்தில் என்னமோ எழுதிக் கொடுத்தார், காரணம் தெரிந்த காம்பவுண்டு அதை வாங்கிப் படிக்கவில்லை.

பந்தல் போட்டார்கள், குளிர்பெட்டி வந்தது. பக்கிரிசாமி வீட்டு இழவு என்று சினிமாக்காரர்கள் பழைய மரியாதைக்கு நிறையப் பேர் வந்தார்கள், கோதண்டபாணி சங்கத்து மாலையோடு வந்தார். பெட்டிக்குள் அவள் கன்னம் கல்யாணத்தன்று இருந்த மாதிரி அடையாளம் ஏதுமில்லாமல் இருந்தது. பக்கிரிசாமி அதையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். இனிமேல் யாரும் அவளை ஒன்றும் செய்ய முடியாது என்பது ஒன்றுதான் அவருக்கு மிச்சமிருந்த ஆறுதல்.

அப்போது நனைந்த வேட்டியோடு ஒருவர் மாலையும் கையுமாக ஓடிவந்தார். கூட்டத்தை விலக்கிக்கொண்டு போய்ப் பெட்டியின் காலைக் கட்டிக்கொண்டு, “பெரியப்பா! எங்கள வளத்து ஆளாக்கினீங்களே பெரியப்பா!” என்று மார்பில் அடித்துக்கொண்டு அழுதார். அடுத்த தெருவில் அன்றைக்கு இன்னொரு சாவு. பந்தலில் இருந்தவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். மேரி முந்தானையை வாயில் திணித்துக்கொண்டாள், சிரிப்புக்கல்ல, பயத்தில். பாய் எழுந்து நின்று, “யாரும் சிரிக்காதீங்க, அல்லாவுக்காக யாரும் சிரிச்சிடாதீங்க” என்று கையெடுத்துக் கெஞ்சினார். வந்தவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு பெட்டிக்குள் பார்த்தார், திடுக்கிட்டார், சுற்றியிருந்த முகங்களைப் பார்த்து, பாவம், அவருக்கு வேறு எப்படிக் கேட்கத் தெரியும்?

“அப்ப நான் அழ வேண்டிய வீடு எதுங்க?” என்றார்.

சினிமாக்காரர்கள் ஒரு நொடி அடக்கிப் பார்த்தார்கள். முடியவில்லை. ஒருத்தர் பீறிட்டார், அப்புறம் பத்துப் பேர், அப்புறம் பந்தல் முழுக்க வயிற்றைப் பிடித்துக்கொண்டு குலுங்கியது. பெட்டியின் கண்ணாடிக்குக் கீழே, செத்துப்போன பவுனம்பாளின் கன்னத்தில், ஐந்து விரல் மெல்ல எழுந்து வந்தது.

தலைமாட்டில் நின்ற கோதண்டபாணிதான் முதலில் பார்த்தார். முப்பது வருஷம் டார்ச்சு அடித்தவருக்கு யாரும் சொல்லித் தரவேண்டியதில்லை. அவர் முகத்தைப் பார்த்து அடுத்தவர் நிறுத்தினார், அப்படியே ஒவ்வொருத்தராகச் சிரிப்பு அடங்கி, கடைசியில் பந்தல் ஷீட்டிலிருந்து தண்ணீர் சொட்டுகிற சத்தம் மட்டும் கேட்டது.

“அண்ணே…” என்றார் கோதண்டபாணி. “அன்னிக்கி, அந்த ஏழு தடவை…”

“ஆமா” என்றார் பக்கிரிசாமி.

“இன்னிக்கே பதிவேட்டைத் திருத்தறேண்ணே. அம்மா பேரை ஏத்திடறேன்.”

“ஏத்தினா இவளை விட்டுடுவாங்களா?”



நனைந்த வேட்டியோடு வந்த மனிதர் கூனிக் குறுகிப் பின்னால் நகர்ந்தார். “மன்னிச்சுக்குங்கய்யா, வீடு மாறி வந்துட்டேன்” என்று கும்பிட்டார். பக்கிரிசாமி எழுந்துபோய் அவர் கையைப் பிடித்துக் கூட்டிவந்து, பெட்டிக்குப் பக்கத்தில் தான் உட்கார்ந்திருந்த நாற்காலியில் உட்காரவைத்தார்.

“மாறலய்யா” என்றார். “இந்த வீடுதான். உக்காந்து அழுங்க.”

அந்த மனிதருக்கு ஒன்றும் புரியவில்லை. ஆனாலும் பக்கிரிசாமியின் கையை விடாமல், யாரென்றே தெரியாத அந்த அம்மாளுக்காக, வண்டி வரும்வரை உட்கார்ந்து அழுதார்.